வேண்டாத ஸ்கோர் அறிவிப்புகளை நிறுத்துவது எப்படி? போனுக்கும் கணினிக்கும் ஒரு செய்முறை விளக்கம்

2025ஆம் ஆண்டு ஐபிஎல் தொடரில் மொத்தம் 74 ஆட்டங்கள் நடந்தன. ஆட்டத்துக்கு ஆட்டம் டாஸ், விக்கெட், அரைசதம், இன்னிங்ஸ் இடைவேளை, முடிவு என்று ஒரு செயலி ஐந்தாறு முறை போனை ஒலிக்கச் செய்தாலே, இரண்டு மாதங்களில் எத்தனை அறிவிப்புகள் சேரும் என்று எண்ணிப் பாருங்கள். கிரிக்கெட்டில் ஆர்வம் இல்லாதவர்களுக்கு மட்டுமே உரிய தொல்லை இது என்று நினைக்க வேண்டாம். இணையம் வழியாக ஆட்டத்தை நேரலையாகப் பார்ப்பவர்களுக்குப் படம் மைதானத்தைவிடச் சில விநாடிகள், சில நேரங்களில் அரை நிமிடம் வரைகூடப் பிந்தியே வரும். ஆனால் ஸ்கோர் செயலியின் அறிவிப்பு அவ்வளவு தாமதிப்பதில்லை. பந்துவீச்சாளர் ஓடிவரத் தொடங்கும்போதே திரையின் மேல்புறத்தில் "விக்கெட்!" என்ற வரி வந்து விழுந்தால், அந்தப் பந்தைப் பார்ப்பதில் என்ன சுவை இருக்கும்?

இந்தத் தொல்லையைத் தாங்க முடியாமல் பலர் போனில் எல்லா அறிவிப்புகளையும் ஒட்டுமொத்தமாக நிறுத்திவிடுகிறார்கள். அப்படிச் செய்யவே கூடாது என்பது என் உறுதியான கருத்து. வங்கிக் கணக்கிலிருந்து பணம் எடுக்கப்பட்டதைச் சொல்லும் செய்தியும், மருந்து வேளையை நினைவூட்டும் செயலியும் அதோடு சேர்ந்து அமைதியாகிவிடும். எந்த அறிவிப்பு எங்கிருந்து வருகிறது என்று முதலில் கண்டுபிடித்து, அந்த இடத்தில் மட்டும் அதை நிறுத்துவதே சரியான வழி.

முதல் வேலை: அனுப்புவது யார்?

அறிவிப்பு வந்ததும் அதைத் தள்ளிவிடாமல், அதன் மேல்வரியைப் படியுங்கள். அங்கே ஒரு சிறிய சின்னமும் ஒரு பெயரும் இருக்கும். கிரிக்பஸ், ஜியோஹாட்ஸ்டார், ஈஎஸ்பிஎன் கிரிக்இன்ஃபோ என்று ஒரு செயலியின் பெயர் இருந்தால், அனுப்புவது அந்தச் செயலி. குரோம் என்ற இணைய உலாவியின் சின்னமும் அதன் அருகில் ஓர் இணையதள முகவரியும் இருந்தால், அனுப்புவது ஏதோ ஓர் இணையதளம். குரோம் அதைக் கொண்டுவந்து காட்டும் வேலையை மட்டுமே செய்கிறது. கூகுள் என்று மட்டும் இருந்தால், நீங்கள் முன்பு தேடிய அல்லது பின்தொடர்ந்த ஓர் அணியை ஒட்டி கூகுள் செயலியே அதை அனுப்புகிறது என்று பொருள்.

படிப்பதற்குள் அறிவிப்பு மறைந்துவிட்டால் அதற்கும் வழி உண்டு. ஆண்ட்ராய்டு 11 முதல் "நோட்டிபிகேஷன் ஹிஸ்டரி" என்ற வசதி இருக்கிறது. செட்டிங்ஸில் நோட்டிபிகேஷன்ஸ் பகுதிக்குள் இது இருக்கும்; சாம்சங் போன்களில் அதே பகுதியின் கீழே உள்ள "அட்வான்ஸ்டு செட்டிங்ஸ்" என்பதற்குள் பார்க்க வேண்டும். இதை இயக்கிய பிறகு வருபவை மட்டுமே அதில் பதிவாகும் என்பதால் இப்போதே இயக்கி வையுங்கள். கடந்த 24 மணி நேரத்தில் எந்தச் செயலி என்ன அனுப்பியது என்பதை அது பெயரோடு காட்டும்.

ஆண்ட்ராய்டு போனில்

அனுப்புவது ஒரு செயலிதான் என்று தெரிந்தால், அதன் அறிவிப்பின் மேல் விரலை வைத்துச் சற்று நேரம் அழுத்திப் பிடியுங்கள். அணைப்பதற்கான தெரிவு அங்கேயே தோன்றும். அருகில் உள்ள பல்சக்கரச் சின்னத்தைத் தொட்டால் அந்தச் செயலியின் அறிவிப்புப் பக்கம் திறக்கும். மேலே உள்ள பொத்தானை அணைத்தால் அந்தச் செயலியிலிருந்து வரும் அனைத்தும் நின்றுவிடும்.

அப்படி முழுவதையும் அணைப்பதற்கு முன்னால் கீழே உள்ள பட்டியலைப் பாருங்கள். 2017இல் வந்த ஆண்ட்ராய்டு 8 முதல், ஒவ்வொரு செயலியும் தன் அறிவிப்புகளை வகை வகையாகப் பிரித்து வைக்க வேண்டும். ஆகவே விளம்பரச் சலுகைகள் ஒரு வகையாகவும், ஆட்டத்தின் நேரடி நிலவரம் இன்னொரு வகையாகவும், செய்திகள் வேறொரு வகையாகவும் பெரும்பாலும் இருக்கும். வேண்டாத வகையை மட்டும் அணைத்துவிட்டு மற்றதை அப்படியே விட்டுவிடலாம். சாம்சங்கின் அண்மைக்கால மென்பொருளில் இந்த வகைப் பட்டியல் தொடக்கத்தில் மறைக்கப்பட்டிருக்கிறது. செட்டிங்ஸ், நோட்டிபிகேஷன்ஸ், அட்வான்ஸ்டு செட்டிங்ஸ் என்று சென்று "மேனேஜ் நோட்டிபிகேஷன் கேட்டகரீஸ் ஃபார் ஈச் ஆப்" என்பதை இயக்கினால்தான் அது கண்ணுக்குத் தெரியும். பட்டியலே இல்லையே என்று பலர் கைவிடும் இடம் இதுதான்.

ஸ்கோர் செயலிகளில் இன்னொரு நுணுக்கமும் உண்டு. ஆட்டத்தின் பக்கத்தில் மணிச் சின்னம் ஒன்று இருக்கும். என்றோ ஒருநாள் அதைத் தொட்டிருந்தால், அந்த ஆட்டத்துக்கோ தொடருக்கோ அணிக்கோ நீங்களே அறிவிப்பு கேட்டதாக அந்தச் செயலி எடுத்துக்கொள்ளும். அதே மணியை மறுபடி தொட்டு அணைக்க வேண்டும்.

கூகுள் செயலியைப் பொறுத்தவரை, அதைத் திறந்து மேலே உள்ள உங்கள் சுயவிவரப் படத்தைத் தொட்டு, செட்டிங்ஸ், நோட்டிபிகேஷன்ஸ் என்று செல்லுங்கள். அங்குள்ள பட்டியலில் விளையாட்டு தொடர்பானவற்றை அணைத்துவிடுங்கள். திரையின் மேல் ஒரு சிறு வட்டமாக ஸ்கோர் மிதந்துகொண்டே இருந்தால் அது அறிவிப்பு அல்ல. தேடல் முடிவில் நேரடி ஸ்கோரைத் திரையில் பொருத்தும் பொத்தானைத் தெரியாமல் தொட்டதன் விளைவு. அதை விரலால் பிடித்துத் திரையின் அடியில் தோன்றும் பெருக்கல் குறியின் மேல் கொண்டுபோய் விட்டால் மறைந்துவிடும்.

குரோம் வழியாக வருபவை

இந்தப் பகுதியை மட்டும் தயவுசெய்து பொறுமையாகப் படியுங்கள், ஏனெனில் உண்மையான ஆபத்து இங்கேதான் இருக்கிறது. ஆட்டத்தை இலவசமாகக் காட்டுவதாகச் சொல்லும் அனுமதியற்ற தளங்கள் பலவற்றில், படம் ஓடத் தொடங்கும் முன் "நீங்கள் ரோபோ அல்ல என்பதை உறுதிசெய்ய அலவ் என்பதை அழுத்துங்கள்" என்று ஒரு பெட்டி வரும். அது எந்தச் சோதனையும் அல்ல. அதை அழுத்தும் நொடியில், உங்களுக்கு எப்போது வேண்டுமானாலும் அறிவிப்பு அனுப்பும் உரிமையை அந்தத் தளத்துக்குக் கொடுத்துவிடுகிறீர்கள். முதலில் ஸ்கோர் வரும். பிறகு பந்தய விளம்பரம் வரும். அதன் பிறகு "உங்கள் போனில் வைரஸ் உள்ளது, உடனே சுத்தம் செய்யுங்கள்" என்ற பொய்யான எச்சரிக்கை வரும். அதைக் கண்டு அஞ்சி எந்தச் செயலியையும் நிறுவாதீர்கள். அந்த எச்சரிக்கை உங்கள் போனைச் சோதித்துப் பார்த்து எழுதப்பட்டது அல்ல. நாம் கொடுத்த அனுமதியைத் திரும்பப் பெற்றாலே அது நின்றுவிடும்.

போனில் செய்ய வேண்டியவை இவை:

1. குரோமைத் திறந்து, மேல் வலப்புறத்தில் உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு, செட்டிங்ஸ் செல்லுங்கள்.
2. "சைட் செட்டிங்ஸ்", அதற்குள் "நோட்டிபிகேஷன்ஸ்" என்பதைத் திறங்கள். நீங்கள் அனுமதி கொடுத்த தளங்கள் அனைத்தும் அங்கே வரிசையாக இருக்கும்.
3. அறிமுகமில்லாத ஒவ்வொரு முகவரியையும் தொட்டு அனுமதியை நீக்குங்கள்.
4. எந்தத் தளமும் இனி உங்களிடம் அனுமதி கேட்கவே வேண்டாம் என்றால், அதே பக்கத்தின் மேலே உள்ள பொத்தானை அணைத்துவிடுங்கள்.

நான்காவது படியை எல்லாருக்கும் பரிந்துரைக்கிறேன். குறிப்பாக வீட்டில் உள்ள பெரியவர்களின் போனில் இதை அணைத்து வைத்தால் பாதிச் சிக்கல் வராமலே போகும். இணையதள அறிவிப்பு இல்லாமல் நம் அன்றாட வேலை எதுவும் பெரும்பாலும் நின்றுபோவதில்லை.

கணினியில் உள்ள குரோமிலும் இதே போலத்தான். மூன்று புள்ளிகள், செட்டிங்ஸ், "பிரைவசி அண்ட் செக்யூரிட்டி", "சைட் செட்டிங்ஸ்", "நோட்டிபிகேஷன்ஸ்" என்று செல்ல வேண்டும். அங்கே ஒவ்வொரு முகவரியின் பக்கத்திலும் "ரிமூவ்", "பிளாக்" என்று இரண்டு தெரிவுகள் கிடைக்கும். ரிமூவ் செய்தால், அந்தத் தளத்துக்கு மறுபடி போகும்போது அது மீண்டும் கேட்கலாம். பிளாக் செய்தால் கேட்க முடியாது. ஆகவே பிளாக் என்பதையே தேர்ந்தெடுங்கள். குரோமை மூடிய பிறகும் விண்டோஸ் கணினியில் அறிவிப்பு வருகிறது என்றால், செட்டிங்ஸில் "சிஸ்டம்" என்ற பகுதியில், குரோம் மூடப்பட்ட பின்னும் பின்னணியில் இயங்க அனுமதிக்கும் ஒரு பொத்தான் இருக்கும்; அதையும் அணைத்துவிடுங்கள்.

எட்ஜ் உலாவியில் செட்டிங்ஸுக்குள் "சைட் பெர்மிஷன்ஸ்" என்று தேடினால் இதே பட்டியல் கிடைக்கும். ஃபயர்பாக்ஸில் "பிரைவசி அண்ட் செக்யூரிட்டி" பக்கத்தில் "பெர்மிஷன்ஸ்" என்ற தலைப்பின் கீழ் நோட்டிபிகேஷன்ஸ் இருக்கிறது. புதிய கோரிக்கைகளை முற்றிலும் தடுக்கும் கட்டமும் அதற்குள்ளேயே உண்டு. மேக் கணினியின் சஃபாரியில் செட்டிங்ஸ், "வெப்சைட்ஸ்", "நோட்டிபிகேஷன்ஸ்" என்று செல்ல வேண்டும்.

ஐபோனில்

அறிவிப்பை இடப்பக்கம் தள்ளி, "ஆப்ஷன்ஸ்" என்பதைத் தொட்டு, "டர்ன் ஆஃப்" என்பதைத் தேர்ந்தெடுத்தால் அந்தச் செயலி அமைதியாகிவிடும். ஆண்ட்ராய்டில் உள்ளதைப் போன்ற வகைப் பட்டியல் ஐபோனின் செட்டிங்ஸில் கிடையாது என்பதால், விக்கெட் வேண்டாம், முடிவு மட்டும் போதும் என்பவர்கள் அந்தந்தச் செயலிக்குள் சென்றுதான் மாற்ற வேண்டும்.

பூட்டுத் திரையில் ஓர் ஆட்டத்தின் ஸ்கோர் நகராமல் நின்று மாறிக்கொண்டே இருந்தால், அது "லைவ் ஆக்டிவிட்டீஸ்" எனப்படும் தனி வசதி. 2022இல் ஐபோனின் இயங்குதளமான ஐஓஎஸ் 16.1 உடன் வந்தது. செட்டிங்ஸில் அந்தச் செயலியின் பெயரைத் தொட்டு, உள்ளே லைவ் ஆக்டிவிட்டீஸ் என்பதை அணைக்க வேண்டும். சாதாரண அறிவிப்பை நிறுத்தினால் மட்டும் இது நிற்கும் என்று நம்ப வேண்டாம்.

ஆட்டம் தொடங்கப் போகிறது என்ற நினைவூட்டல் நாட்காட்டியிலிருந்து வந்தால், எங்கோ ஓர் அட்டவணைக்கு நீங்கள் சந்தா சேர்ந்திருக்கிறீர்கள். கேலண்டர் செயலியின் அடியில் உள்ள "கேலண்டர்ஸ்" என்பதைத் தொட்டு, அந்த அட்டவணையின் பக்கத்தில் உள்ள தகவல் சின்னத்தின் வழியே சந்தாவை நீக்குங்கள். ஒவ்வோர் ஆட்டமாக அழித்துக்கொண்டிருக்கத் தேவையில்லை.

விண்டோஸ் கணினியில்

உலாவியில் எல்லாவற்றையும் சரிசெய்த பிறகும் கணினியில் ஸ்கோர் தெரிகிறது என்று சொல்பவர்கள் பெரும்பாலும் விண்டோஸ் தானாகக் காட்டுவதையே சொல்கிறார்கள். விண்டோஸ் 11இல் திரையின் அடியில் உள்ள பட்டையான டாஸ்க்பாரின் ஓரத்தில் வெப்பநிலை காட்டும் இடத்தில் சில நேரம் ஸ்கோரும் வந்து போகும். அதற்கு "விட்ஜெட்ஸ்" என்று பெயர். டாஸ்க்பாரின் காலியான இடத்தில் வலது கிளிக் செய்து, "டாஸ்க்பார் செட்டிங்ஸ்" திறந்து, விட்ஜெட்ஸ் என்பதை அணைத்தால் முழுவதும் போய்விடும். வானிலை வேண்டும், விளையாட்டு மட்டும் வேண்டாம் என்றால், விண்டோஸ் பொத்தானையும் டபிள்யூ எழுத்தையும் சேர்த்து அழுத்தி அந்தப் பலகையைத் திறந்து, விளையாட்டு அட்டையின் மூலையில் உள்ள மூன்று புள்ளிகளின் வழியே அதை மறைக்கலாம். விண்டோஸ் 10இல் இதே இடத்தில் இருப்பது "நியூஸ் அண்ட் இன்ட்ரஸ்ட்ஸ்". டாஸ்க்பாரில் வலது கிளிக் செய்தாலே அதை அணைக்கும் தெரிவு கிடைக்கும்.

பூட்டுத் திரையில் வானிலையோடு ஸ்கோர் அட்டையும் தெரிந்தால், செட்டிங்ஸ், "பர்சனலைசேஷன்", "லாக் ஸ்கிரீன்" என்று செல்லுங்கள். "லாக் ஸ்கிரீன் ஸ்டேட்டஸ்" என்பதை "நன்" (None) என்று மாற்ற வேண்டும். அண்மைய பதிப்புகளில் அதற்குப் பதிலாக "யுவர் விட்ஜெட்ஸ்" என்ற பொத்தான் இருக்கும். அலுவலகத்தில் கூட்டத்தின் நடுவே கணினித் திரையைப் பிறருக்குக் காட்ட வேண்டியவர்கள் இதைச் செய்து வைத்துக்கொள்வது நல்லது.

குறுஞ்செய்தியாக வந்தால்

மேலே சொன்ன எந்த மாற்றமும் குறுஞ்செய்தியைத் தடுக்காது. அது உங்கள் எண்ணுக்கு வருவது. இந்திய எண் வைத்திருப்பவர்கள் 1909 என்ற எண்ணை அழைத்தோ, தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் அமைப்பின் டிஎன்டி (தொந்தரவு செய்யாதீர்) செயலி வழியாகவோ விளம்பரச் செய்திகளைத் தடுக்கப் பதிவு செய்யலாம். அனுப்புநர் பெயரின் இறுதியில் P என்ற ஆங்கில எழுத்து இருந்தால் அது விளம்பரச் செய்தி என்பது இப்போது உள்ள நடைமுறை. வங்கியின் ஓடிபி வேறு வகையில் சேர்வதால், இப்படிப் பதிவு செய்வதால் அது நின்றுவிடாது.

தனிநபர் எண் போலத் தோன்றும் பத்து இலக்க எண்களிலிருந்து "இன்றைய ஆட்டத்தில் பணம் வெல்லுங்கள்" என்று வருபவை இந்தப் பதிவுக்குக் கட்டுப்படுவதில்லை. பணம் கட்டி ஆடும் இணைய விளையாட்டுகளையும் அவற்றின் விளம்பரத்தையும் 2025ஆம் ஆண்டின் மத்தியச் சட்டம் தடை செய்திருக்கிறது என்பதை நினைவில் வைத்து, அத்தகைய இணைப்புகளைத் தொடாமல் அந்த எண்ணைத் தடை செய்யுங்கள். ஏமாற்று நோக்கம் இருப்பதாகத் தோன்றினால், மத்தியத் தொலைத்தொடர்புத் துறையின் சஞ்சார் சாத்தி இணையதளத்தில் உள்ள சக்ஷு பகுதியில் புகார் அளிக்கலாம்.

வேண்டியதை மட்டும் வைத்துக்கொள்ள

ஆர்வம் உள்ளவர்கள் எல்லாவற்றையும் இழக்கத் தேவையில்லை. ஒரே ஒரு ஸ்கோர் செயலியை வைத்துக்கொண்டு, அதில் உங்கள் அணியின் மணியை மட்டும் இயக்கி, முடிவு மட்டும் என்ற தெரிவு அதில் இருந்தால் அதை வைத்துக்கொள்ளுங்கள். மற்றச் செயலிகளின் அறிவிப்பை முழுவதும் அணைத்துவிடுங்கள். ஆட்டத்தைப் பதிவு செய்து பிறகு பார்ப்பவர்கள் அந்த ஒன்றையும் சில மணி நேரத்துக்கு நிறுத்தி வைக்கலாம். ஆண்ட்ராய்டு 13 முதல் பெரும்பாலான புதிய செயலிகள் அறிவிப்பு அனுப்ப உங்களிடம் அனுமதி கேட்டாக வேண்டும் என்பதால், இனி எந்த விளையாட்டுச் செயலியை நிறுவினாலும் முதலில் வரும் அந்தக் கேள்விக்கு "டோன்ட் அலவ்" என்று பதில் சொல்லுங்கள். தேவைப்படும்போது செட்டிங்ஸில் சென்று நீங்களே இயக்கிக்கொள்ளலாம்.