சாலிஸ்பரி கோபுரம் ஏறும் முன் கீழே கால் மணி நேரம் நில்லுங்கள்

சாலிஸ்பரி பேராலயக் கோபுரத்தில் ஏறப் போகிறவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, மேலே போனால் எவ்வளவு தூரம் தெரியும் என்பதுதான். வானம் தெளிவாக இருந்தால் நிறையவே தெரியும். ஆனால் வழிகாட்டியோடு 332 படி ஏறி இறங்க ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் ஆகும், அதில் வெளியே நின்று பார்ப்பது கொஞ்ச நேரம்தான். மற்ற நேரமெல்லாம் கோபுரத்துக்கு உள்ளேதான் இருப்பீர்கள். அதற்காகத்தான் போக வேண்டும் என்பது என் எண்ணம். நான் கட்டடப் பொறியாளர். இங்கிலாந்துக்கு யார் வந்தாலும் லண்டனைப் பார்த்து முடித்ததும் வாட்டர்லூ நிலையத்தில் ரயில் ஏற்றி இங்கே அழைத்து வந்துவிடுவேன். ஒன்றரை மணி நேரப் பயணம், ரயில் நிலையத்திலிருந்து நடந்தே போய்விடலாம்.

டிக்கெட்டை முன்கூட்டியே இணையத்தில் எடுத்துவிடுங்கள். ஒவ்வொரு குழுவிலும் சிலரைத்தான் சேர்ப்பார்கள், கோடை விடுமுறையிலும் சனிக்கிழமைகளிலும் இடம் சீக்கிரம் தீர்ந்துவிடும். குழந்தைகளுக்கு வரம்பு உண்டு, அழைத்துப் போவதாக இருந்தால் பதிவு செய்யும்போதே விதிகளைப் படித்துவிடுங்கள். இதய நோய், மூட்டு வலி, உயர பயம், குறுகிய இடத்தில் மூச்சு முட்டும் தொந்தரவு, இவற்றில் எது இருந்தாலும் யோசித்து முடிவெடுங்கள். லிஃப்ட் கிடையாது. பாதி வழியில் முடியவில்லை என்றால் வழிகாட்டி கூட்டி வந்துவிடுவார், ஆனால் அதே படிகளில்தான் இறங்கியாக வேண்டும்.

உங்கள் நேரத்துக்கு அரை மணி முன்னதாகவே போய்விடுங்கள். நேராகப் பேராலயத்தின் நடுப்பகுதிக்கு, சிலுவை வடிவில் கட்டிய இந்தக் கட்டடத்தின் இரண்டு கைகளும் சந்திக்கும் இடத்துக்குப் போங்கள். அங்கே நான்கு பெரிய தூண்கள் இருக்கும், பர்பெக் பளிங்கு என்று சொல்லும் கருஞ்சாம்பல் கல்லில் செய்தவை. ஒரு தூணை ஒட்டி நின்று, கன்னம் கல்லில் படுகிற அளவுக்குத் தலையைச் சாய்த்து, தூணின் ஓரத்தைப் பிடித்தபடியே பார்வையை மேலே கொண்டு போங்கள். தூண் நேராக இல்லை. உள்பக்கமாக வளைந்திருக்கிறது. கண் பழக ஒரு நிமிடம் ஆகும், தெரிந்துவிட்டால் பிறகு அது மட்டும்தான் தெரியும்.

ஏன் வளைந்தது? 1220இல் அடிக்கல் நாட்டி, 1258இல் அர்ப்பணம் செய்தபோது இந்தக் கோபுரமே இல்லை. கூரைக்குச் சற்று மேலே நிற்கும் ஒரு குட்டைக் கோபுரம்தான் இருந்தது, அதைத் தாங்கத்தான் தூண்களைப் போட்டார்கள். அரை நூற்றாண்டுக்குப் பின், 14ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், அதன் மேல் உயரமான கோபுரத்தையும் அதற்கும் மேல் கல் கூம்பையும் ஏற்றினார்கள். உச்சி வரை 123 மீட்டர். பிரிட்டனிலேயே உயரமான தேவாலயக் கூம்பு இன்றைக்கும் இதுதான். கூடுதலாக ஏறிய பாரம் ஏறத்தாழ 6,500 டன். அஸ்திவாரத்தின் ஆழமோ சுமார் 1.2 மீட்டர். இன்றைக்கு யாராவது இப்படி ஒரு வரைபடத்தைக் கொண்டுவந்தால் நான் கையெழுத்துப் போட மாட்டேன். கீழே இறுகிய சரளைப் படுகை இருப்பதால்தான் இது நிற்கிறது. நிலத்தடி நீர் மிக அருகில் இருக்கிறது, தளத்தில் உள்ள ஒரு சிறிய துளை வழியாகக் குச்சியை விட்டு நீர்மட்டம் பார்ப்பார்கள். எங்கே என்று கேளுங்கள், அங்கிருக்கும் தன்னார்வலர்கள் ஆசையாகக் காட்டுவார்கள்.

அதே இடத்தில் தரையைப் பாருங்கள், ஒரு பித்தளைத் தகடு பதித்திருக்கும். கூம்பின் உச்சியிலிருந்து தூக்குக்குண்டு விட்டால் எங்கே விழும் என்பதற்கான அடையாளம் அது. லண்டனின் செயின்ட் பால் பேராலயத்தை வடிவமைத்த கட்டடக் கலைஞர் கிறிஸ்டோபர் ரென் 1668இல் வந்து இந்தக் கட்டடத்தை ஆய்வு செய்தார். கூம்பு செங்குத்திலிருந்து முக்கால் மீட்டர் அளவுக்குத் தென்மேற்காகச் சாய்ந்திருக்கிறது. 20ஆம் நூற்றாண்டில் அளந்து பார்த்தபோதும் சாய்வு கூடியிருக்கவில்லை. அப்புறம் கிழக்குப் பக்கம் போனால், சிறிய சிலுவைக் கைகளில் ஒரு வளைவின் தலையில் இன்னொரு வளைவைத் தலைகீழாக வைத்தது போல முட்டுக் கொடுத்திருப்பதைப் பார்க்கலாம். அலங்காரம் போலத் தெரியும், உண்மையில் தூண்கள் உள்ளே சாயாமல் தடுக்கப் பின்னால் கட்டியது. இவ்வளவையும் பார்த்த பிறகு ஏறுங்கள். எந்தப் பாரத்துக்குள் நுழைகிறோம் என்பது அப்போதுதான் உடம்புக்கே தெரியும்.

காலணி முக்கியம். அடிப்பகுதி பிடிமானமுள்ள, குதிகால் தட்டையான ஷூ போடுங்கள். சேலை, நீளப் பாவாடை வேண்டாம், சுழல் படியில் இறங்கும்போது பின்னால் வருபவர் மிதித்துவிடுவார். பெரிய பையை அனுமதிக்க மாட்டார்கள். கைபேசியைக் கழுத்துப் பட்டையில் மாட்டிக்கொள்ளுங்கள் அல்லது ஜிப் உள்ள பாக்கெட்டில் வையுங்கள். இரண்டு கையும் காலியாக இருக்க வேண்டும். கோடையாக இருந்தாலும் காற்றைத் தடுக்கும் மெல்லிய மேல்சட்டை ஒன்றை இடுப்பில் கட்டிக்கொள்ளுங்கள்.

வரிசையில் எங்கே நிற்பது என்று சொல்லித் தருகிறேன். மெதுவாக ஏறுபவர் வழிகாட்டிக்கு நேர் பின்னால் நிற்க வேண்டும், கூட்டத்தின் கடைசியில் அல்ல. கடைசியில் இருப்பவர் மூச்சு வாங்கி மேலே வருவதற்குள் பாதி விளக்கம் முடிந்திருக்கும், உட்கார நேரமும் கிடைக்காது. என் அத்தையை அழைத்துப் போனபோது, "நீ முன்னால போ, நான் மெதுவா வரேன்" என்று அவர் பிடிவாதம் பிடித்தார். "இல்ல அத்தை, நீங்கதான் முதல்ல" என்று நிறுத்தினேன். வழிகாட்டியும் அவர் வேகத்துக்கே ஏறினார், குழுவுக்கே அது வசதியாக இருந்தது.

சுழல் படிகளில் ஒவ்வொரு படியும் நடுத்தண்டுப் பக்கம் விரல் நுனி அளவுக்குக் குறுகி, சுவர்ப் பக்கம் அகலமாக இருக்கும். பாதம் முழுவதும் பதியும்படி சுவர்ப் பக்கமாகவே வையுங்கள். தலை சுற்றினால் மேலே பார்க்காதீர்கள், கண்ணுக்கு நேரே உள்ள சுவரின் கல்லையே பாருங்கள். படியை எண்ணாதீர்கள். எண்ணுகிறவர்கள் கல்லைப் பார்ப்பதில்லை.

முதல் கட்டத்தில், உள்ளேயிருந்து நீண்ட மண்டபம் முழுவதையும் மேலிருந்து பார்க்க முடிகிற இடத்துக்கு வருவீர்கள். அடுத்து, கூரைக்கடியில் நடை. இதைப் பலர் வேகமாகக் கடந்துவிடுகிறார்கள். கொஞ்சம் நில்லுங்கள். கீழே நீங்கள் அண்ணாந்து பார்த்த அழகான கல் விதானத்தின் முதுகு இப்போது உங்கள் காலடியில், பூச்சு வேலை எதுவும் தேவைப்படாத கரடுமுரடான மேடுகளாகக் கிடக்கிறது. மழையைத் தாங்குவது அதுவல்ல. தலைக்கு மேலே இருக்கும் மரச்சட்டங்களும் ஈயத் தகடும்தான். இரண்டு கூரை, நடுவில் நாம்.

அங்கிருந்து கோபுரத்துக்குள் நுழைந்தால் முதல் அறையின் சுவர்களில் சின்னச் சின்னத் தூண்களும் வளைவுகளும் வரிசையாக இருக்கும். யாரும் வராத உள்ளறைக்கு இவ்வளவு சிற்ப வேலை எதற்கு? ஒரு காலத்தில் இது கீழேயிருந்தே தெரியும்படி திறந்திருந்தது, ஜன்னல் வெளிச்சம் நேராகத் தரையில் விழும். 15ஆம் நூற்றாண்டில் நடுவில் ஒரு விதானம் போட்டு மூடிவிட்டார்கள். இதே அறையில் குறுக்கும் நெடுக்கும் ஓடும் இரும்புக் கம்பிகளைத் தவற விடாதீர்கள். கோபுரச் சுவர்கள் வெளியே பிரியாமல் இழுத்துப் பிடிப்பவை இவை. 19ஆம் நூற்றாண்டில் கட்டடக் கலைஞர் ஜார்ஜ் கில்பர்ட் ஸ்காட் இங்கே பொறுப்பில் இருந்தபோது பலப்படுத்தியது. எந்த இரும்பு பழையது, எது பின்னால் வந்தது என்று வழிகாட்டியிடம் கேளுங்கள். நல்ல கேள்வி கேட்டால் அவர்களுக்கு முகம் மலர்ந்துவிடும்.

மணி அறையில் கால் மணிக்கு ஒரு முறை மணி அடிக்கும். குழந்தை கூட இருந்தால் முன்பே சொல்லி வையுங்கள், பக்கத்தில் நின்று கேட்கும்போது சத்தம் நெஞ்சில் இடிக்கும்.

அதற்கு மேல்தான் நான் இவ்வளவு தூரம் வருவதற்குக் காரணமான இடம், கூம்பின் அடிப்பாகம். நடுவில் நின்று நேர் மேலே பாருங்கள். மரச்சட்டங்கள் அடுக்கடுக்காக, குறுகிக்கொண்டே இருட்டுக்குள் போகும். இது சாரம். இடைக்காலத்தில் கூம்பைக் கட்டக் கொத்தனார்கள் உள்ளேயே எழுப்பிய சாரம், வேலை முடிந்தும் பிரிக்காமல் விட்டுவிட்டார்கள். எந்தக் கட்டுமான இடத்திலும் சாரத்தைப் பிரித்தால்தான் வேலை முடிந்ததாகக் கணக்கு, இங்கே அது 700 ஆண்டுகளாக நிற்கிறது. சட்டம் சட்டத்தோடு சேரும் மூட்டுகளை அருகில் போய்ப் பாருங்கள். ஒரு மரத்தை இன்னொன்றுக்குள் வெட்டிப் பொருத்தி, மர ஆப்பு அடித்து இறுக்கியிருக்கும். கூம்பின் கல்லோ அடியில் இரண்டடி கனம், மேலே போகப் போக மெலிந்து ஒன்பது அங்குலத்துக்கும் குறைந்துவிடுகிறது. பாரம் தூக்கப் பயன்பட்ட பெரிய மரச் சக்கரமும் இங்கேதான் இருக்கிறது. உச்சிக்குப் பராமரிப்புக்காகப் போகிறவர்கள் இந்தச் சாரத்தின் ஏணிகளில் ஏறி, மேலே ஒரு சிறு கதவைத் திறந்து, கடைசித் தூரத்தை வெளியே பதித்த இரும்புப் பிடிகளைப் பற்றி ஏறுகிறார்கள். நமக்கு இதற்கு மேல் அனுமதி இல்லை.

கதவு வழியாக வெளியே வந்தால் தரையிலிருந்து ஏறத்தாழ 69 மீட்டர். வடக்கே பாருங்கள், ஓல்டு சாரம் (Old Sarum) என்ற மண்மேடு தெரியும். பழைய பேராலயம் அங்கேதான் இருந்தது, அதை விட்டுவிட்டுத்தான் இங்கே இறங்கி வந்து கட்டினார்கள். தெற்கே நேர் கீழே சதுரமான நடைமண்டபமும் அதன் நடுவில் இரண்டு பெரிய மரங்களும். மேற்கே நீர்ப்புல்வெளி. கோபுரத்தில் பெரிக்ரின் வல்லூறுகள் கூடு கட்டுகின்றன, வசந்தத்தில் போனால் தெற்குப் பக்கம் நிற்க விடாமல் இருக்கலாம், ஆனால் பறவையைப் பார்க்கும் வாய்ப்பு அதிகம். காற்று பலமாக இருந்தால் வெளிக்கதவையே திறக்க மாட்டார்கள். அப்படி ஆனாலும் போனது வீணில்லை, சாரம் உள்ளேதானே இருக்கிறது.

இறங்குவதுதான் முழங்காலைப் பதம் பார்க்கும். உடம்பைச் சற்றுப் பக்கவாட்டில் திருப்பி, ஒரு கை கயிற்றிலோ கைப்பிடியிலோ இருக்க, முன்னால் போகிறவருக்கு இரண்டு மூன்று படி இடைவெளி விட்டு இறங்குங்கள். பேசிக்கொண்டே இறங்க வேண்டாம்.

கீழே வந்ததும் கால் நடுங்கும், சரி, உடனே கிளம்பிவிடாதீர்கள். வடக்குப் பக்கத்தில் 1386ஆம் ஆண்டைச் சேர்ந்தது என்று கருதப்படும் கடிகாரம் இருக்கிறது, முகமே இல்லாதது, மணியடிப்பது மட்டும்தான் அதன் வேலை. எண்கோண மண்டபத்தில், அரசனின் அதிகாரத்துக்கு வரம்பு விதித்த 1215இன் சாசனமான மாக்னா கார்ட்டா இருக்கிறது, எஞ்சியுள்ள நான்கு பிரதிகளில் நன்றாகப் பாதுகாக்கப்பட்டது, படம் எடுக்க விட மாட்டார்கள். மண்டபம் பேராலயத்துக்கு முன்னதாக மூடிவிடும் என்பதால் மதிய நேரக் குழுவில் ஏறுபவர்கள் இதை மட்டும் ஏறுவதற்கு முன்பே பார்த்துவிடுங்கள். மாலையில் பாடகர் குழு பாடும் வழிபாடு இருந்தால் அதற்குக் கட்டணம் இல்லை, யார் வேண்டுமானாலும் உட்காரலாம்.