இணையதளம் அல்லது செயலியில் உங்கள் கணக்கு தவறாக முடக்கப்பட்டு, புகாருக்குப் பதிலும் வரவில்லையா?

முதல் வேலை, முடக்கச் செய்தியை ஸ்கிரீன்ஷாட் எடுப்பது. தேதி, நேரம், பிழை எண் எல்லாம் தெரிய வேண்டும். அடுத்த முறை உள்நுழையும்போது அதே வாசகம் இருக்கும் என்று நம்ப முடியாது.

புகாரை ஒரே டிக்கெட்டில், அதாவது உதவி மையம் எண் கொடுத்துப் பதியும் ஒரே புகார்ப் பதிவில் வையுங்கள். தாமதமாகிறதே என்று புதிது புதிதாகத் திறந்தால், சில உதவி மையங்கள் எல்லாவற்றையும் இணைத்து வரிசையில் பின்னுக்குத் தள்ளிவிடும். அதே மின்னஞ்சல் தொடரில், டிக்கெட் எண்ணோடு, வாரம் ஒரு நினைவூட்டல் போதும். எந்த விதியை மீறியதாகச் சொல்கிறார்கள், அது ஏன் பொருந்தாது, என்ன ஆதாரம் என்று ஐந்தாறு வரியில் எழுதுங்கள். கோபத்தைக் கொட்ட வேண்டாம். படிப்பவர் பெரும்பாலும் முடக்கியவர் அல்ல.

இடையில் இன்னொரு கணக்கு தொடங்காதீர்கள். தடையைத் தாண்டும் முயற்சியாகப் பதிவாகி, நியாயமான மேல்முறையீடும் கெட்டுப்போகலாம். கட்டிய பணத்தைத் திருப்பித் தரச் சொல்லி வங்கியில் புகார் கொடுப்பதும் கணக்கை நிரந்தரமாக மூட வைக்கலாம். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

அந்தக் கணக்கை வைத்தே உள்நுழையும் மற்ற தளங்களில் இன்றே வேறு மின்னஞ்சலையும் கடவுச்சொல்லையும் சேர்த்துவிடுங்கள். பணம் கொடுத்தால் மீட்டுத் தருகிறேன் என்று வருபவர்களிடம் ஓடிபி மட்டும் போகவே கூடாது.