ட்ராப்டில் பெயர் வராத ரிசீவர்: கொழும்பிலிருந்து தயாராகும் முறை

அமெரிக்கன் புட்போலின் தொழில்முறை லீக் என்.எஃப்.எல். அதன் அணிகள் புதிய வீரர்களை முறைவைத்துத் தெரியும் ட்ராப்ட் ஒவ்வொரு ஏப்ரல் கடைசியிலும் ஏழு சுற்றாக நடக்கும். 2024 இலும் 2025 இலும் 257 பெயர்கள் வாசிக்கப்பட்டன. கடைசிப் பெயர் முடியும் முன்பே 32 அணிகளும் போனை எடுத்து, மிஞ்சியவர்களில் தங்களுக்கு வேண்டியவர்களைத் தேடத் தொடங்கிவிடும். ரொட் ஸ்மித், வெய்ன் கிரெபெட், வெஸ் வெல்கர், விக்டர் குரூஸ், அடம் தீலன், ஜகோபி மேயர்ஸ் எல்லோரும் அந்த வழியால் உள்ளே போன வைட் ரிசீவர்கள்தான், அதாவது ஓடிப்போய் எறியும் பந்தைப் பிடிப்பவர்கள். ரொட் ஸ்மித் 849 பந்து பிடித்து 11,389 யார் (கெஜம்) எடுத்தார். 1973 இல் அப்படிப் போன ட்ரூ பியர்சன் 2021 இல் ஹோல் ஒஃப் ஃபேமில் சேர்க்கப்பட்டார்.

கொழும்பில் றக்பி விங் ஆடும், 100 மீற்றர் ஓடும், கூடைப்பந்தில் உயரப் பாயும் பிள்ளைகளுக்கும் அவர்களைப் பழக்குபவர்களுக்கும் இது எழுதப்படுகிறது. இங்கிருந்து நேரே ஒரு அணியின் பயிற்சி முகாமுக்கு (கேம்ப்) போக முடியாது. ஒன்று, அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் சேர்ந்து அங்கே ஆட வேண்டும். உயர்பாடசாலை முடித்து மூன்று வருடம் ஆகாதவரை என்.எஃப்.எல். யாரையும் எடுக்காது. மற்றது, 2017 இல் தொடங்கிய இன்டர்நெஷனல் பிளேயர் பாத்வே திட்டம். 2024 முதல் ஒவ்வொரு அணிக்கும், ஆட்ட அணிக்கு வெளியே வைத்திருக்கும் பயிற்சிக் குழுவில் வெளிநாட்டு வீரருக்கென்று மேலதிக இடம் ஒன்று உண்டு. ஃப்ளெக் புட்போல் 2028 லொஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்கில் இருக்கிறது. அதில் டெக்கிள் இல்லை, இடுப்பில் தொங்கும் துணியைப் பறிப்பதுதான்; ஆனால் ரூட்டும் (ரிசீவர் ஓடும் வகுத்த பாதை) கெச்சும் ஒன்றேதான். எந்த வழியானாலும் வேலை இதே வேலை. எந்த வரிசையில் அதைப் பழகுவது என்பதில்தான் எங்கள் பிள்ளைகள் பிழை விடுகிறார்கள்: ஒற்றைக் கையால் பந்து பிடிக்கும் வீடியோவில் தொடங்குகிறார்கள்.

முதலில் கணக்கு

ட்ரெயினிங் கேம்பில் ஒரு அணிக்கு 90 பேர் வரை. ஒகஸ்ட் கடைசியில் அது 53 ஆகும். ரிசீவர்கள் பத்து, பன்னிரண்டு பேர் நிற்கும் இடத்தில் ஐந்தோ ஆறோ மிஞ்சும். முதல் மூன்று பெயர்கள் கேம்ப் தொடங்கும் முன்பே தெரிந்தவை. ட்ராப்ட் ஆகாதவன் போட்டியிடுவது ஐந்தாம், ஆறாம் இடத்துக்கு. அந்த இடத்தில் இருப்பவன் ஆட்டத்தன்று பந்து பிடிப்பதைவிட பன்ட் (பந்தை உதைத்து எதிரணிக்கு விட்டுக்கொடுப்பது), கிக்-ஓஃப் (ஆட்டத்தைத் தொடங்கும் உதை) ஓடுவதுதான் அதிகம். அதனால் அந்த இடத்தை முடிவு செய்யும்போது இந்த உதைகளைப் பழக்கும் ஸ்பெஷல் டீம்ஸ் கோச்சின் சொல்லுக்கு நிறை அதிகம்.

வெல்கரை 2004 இல் முதலில் எடுத்த அணி சீசன் தொடங்கியதுமே விட்டுவிட்டது. மியாமி எடுத்தது. அந்த ஒக்டோபரில் கிக்கர் காயப்பட, ஒரே ஆட்டத்தில் வெல்கர் கிக்-ஓஃப் அடித்தார், பீல்ட் கோல் போட்டார், எதிரணியின் கிக்-ஓஃபையும் பன்டையும் வாங்கித் திரும்ப ஓடினார். தீலன் 2013 இல் முயற்சிக்கு வந்து பார்க்கும் அனுமதியோடு மட்டும் மினசோட்டா வைக்கிங்ஸிடம் போனவர். முதல் வருடம் பயிற்சிக் குழு; 2014 இல் தடுக்கப்பட்ட பன்ட் ஒன்றை எடுத்து ஓடி டச்டவுன் போட்டார். ரிசீவராக எல்லோரும் அறிந்த தீலன் அதற்குப் பிறகு வந்தவர்.

கன்னர் ஓட்டம்

பன்டின்போது இரண்டு கரையிலும் தனியே நின்று, பந்து வாங்குபவனை நோக்கி ஓடுகிறவன் கன்னர். பந்து காலுக்கு வர இரண்டு செக்கன், வானத்தில் நாலரை செக்கன் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆறரை செக்கனுக்குள், முன்னால் மறிக்கும் ஒருவரையோ இருவரையோ கடந்து, 40 யாருக்கு மேல் ஓடி, அங்கே கட்டுப்பாட்டோடு நிற்க வேண்டும்.

பழகும் விதம்: ஹெவ்லொக் பக்கமோ ரேஸ்கோர்ஸ் பக்கமோ இடம் கிடைக்கும் மைதானத்தில் 40 யார் அளந்து அடையாளம் வையுங்கள். ஒருவர் தொடக்கத்தில் உங்கள் மார்பில் கை வைத்து மறிக்கட்டும். ஒரு பக்கம் காட்டி மறுபக்கத்தால் அவருடைய கையைத் தட்டிவிட்டு வெளியேறுங்கள். 35 யார் வரை முழு வேகம். கடைசி 5 யாரில் அடிகளைக் குறுக்கி, இடுப்பை இறக்கி, கரைப்பக்கக் கையை விடுதலையாக வைத்து நில்லுங்கள். ஓடுபவன் உங்களுக்கும் கரைக்கும் நடுவால் போகவே கூடாது. அநேகமானோர் தவறுவது இந்த 5 யாரில். முழு வேகத்தில் வந்து பக்கத்தால் பறந்துபோவார்கள். ஆறு ஓட்டம், ஒவ்வொன்றுக்கும் நடுவில் இரண்டு நிமிடம். அதற்கு மேல் ஓடினால் வேகம் விழும், பழகுவது மெதுவாக ஓடும் பழக்கமாகிவிடும்.

இங்கே றக்பிப் பிள்ளைக்கு உண்மையான முன்னிலை உண்டு. தலையைப் பின்னால் வைத்து, தோளால் தொடையைப் பிடித்து இழுக்கும் டெக்கிளை சியாட்டில் சீஹோக்ஸ் 2014 அளவில் றக்பியிடமிருந்தே எடுத்துப் பழக்கியது. 2018 முதல் தலையைக் குனிந்து ஹெல்மெட்டால் இடிப்பது குற்றம். ஆகவே பாடசாலையில் பழகிய டெக்கிளை மாற்ற வேண்டாம். மாற்ற வேண்டியது வேறு: றக்பியில் பந்து இல்லாதவனை மறிக்கக் கூடாது, இங்கே மறிக்கத்தான் வேண்டும். சக வீரன் ஓடும்போது எதிரியின் மார்புக்குள் இரண்டு உள்ளங்கையையும் வைத்து, காலை அசைத்துக்கொண்டே நில்லுங்கள். அவன் திரும்பி ஓடத் தொடங்கினால் கையை விடுங்கள். ஜேர்சியைப் பிடித்தால் 10 யார் பின்னுக்கு.

பந்து, கை, கண்

றக்பிப் பந்தின் சுற்றளவு 580 முதல் 620 மில்லிமீற்றர். இந்தப் பந்து ஏறக்குறைய 535. நீளம் கிட்டத்தட்ட ஒன்று, ஆனால் மெலிந்தது, முனை கூரானது, சுழன்றுகொண்டு வரும். றக்பிப் பந்தில் பழகிய கை அகல விரிந்து நிற்கும்; நடுவால் பந்து புகுந்து மார்பில் படும். பயிற்சிக்கு ரப்பர் கலந்த பந்து ஒன்று வாங்குங்கள். தோல் பந்து கொழும்பு ஈரத்தில் ஊறிக் கனத்துவிடும்.

மார்புக்கு மேலே வரும் பந்துக்குப் பெருவிரல்கள் இரண்டும் சேரட்டும், கீழே வருவதற்குச் சுண்டுவிரல்கள். முழங்கை சற்று மடிந்திருக்க, பந்தை உடலுக்கு முன்னாலேயே சந்தியுங்கள். உயரப் பந்தை மார்போடு அணைத்துப் பிடிக்கும் றக்பிப் பழக்கத்தை விடவே வேண்டும்: அணைக்கக் காத்திருக்கும் அந்த அரை யாருக்குள் உங்களை மறிக்கும் கோர்னர்பெக்கின் கை உள்ளே வந்துவிடும். பிடித்த பின் பந்தின் முனையை விரல்களால் மூடி, முன்கை, புயம், விலா எல்லாம் பந்தில் ஒட்ட, கரைப்பக்கக் கைக்குள் வையுங்கள்.

ஒரு நாளைக்கு 100 பந்து போதும்: 10 யார் தூரத்தில் நின்று எறியும் நண்பர் ஒருபோதும் மார்புக்கு எறியக் கூடாது, நாடிக்கு மேலே 40, இடுப்புக்குக் கீழே 30, முதுகு காட்டி நின்று கூப்பிட்டதும் திரும்பிப் பிடிப்பது 30. நண்பர் இல்லாத நாளில் டென்னிஸ் பந்தும் மதிலும். தவறவிட்ட ஒவ்வொன்றுக்கும் காரணத்தை எழுதுங்கள்: கண், கை, கால். கண் என்ற பத்திதான் வேகமாக நிரம்பும். பந்து விரலைத் தொடும் முன்பே தலை ஓடப்போகும் பக்கம் திரும்பிவிடுகிறது. பந்து விலாவோடு ஒட்டும்வரை அதைப் பார்த்தபடியே இருங்கள்.

பல்கலைக்கழக ஆட்டத்தில் ஒரு கால் கோட்டுக்குள் பட்டால் போதும், என்.எஃப்.எல்.லில் இரண்டும் பட வேண்டும். கரைக்கோட்டில் பிடிக்கும் பயிற்சியை முதல் நாளிலிருந்தே இரண்டு காலோடு செய்யுங்கள்.

ரூட்

உள்பக்கக் கால் முன்னே, வெளிக்கால் பின்னே, நிறை முன்காலில். பந்து அசைந்ததும் பின்கால்தான் முதல் அடி. முன்காலைப் பின்னுக்கு வைத்துவிட்டு ஓடுவது எல்லோரிடமும் உள்ள பிழை, செக்கனில் பத்தில் ஒன்றிரண்டு பங்கைத் தின்றுவிடும். இந்த நிலையில் நின்றால் ஸ்லான்ட் (சரிந்து உள்ளே ஓடும் ரூட்) தானாகக் கணக்குக்கு வரும்: வெளி, உள், வெளி, மூன்றாம் அடியை ஊன்றி உள்ளே வெட்டுங்கள்.

அவுட் 10 யார். உள்பக்கக் காலை ஊன்றி வெளியே. கர்ல் 12 யார் போய் 10 யாருக்குத் திரும்பி வருவது. நின்ற இடத்திலேயே பந்துக்குக் காத்திருந்தால் பின்னால் நிற்பவன் உங்கள் தோளுக்கு மேலால் தட்டிவிடுவான். போஸ்ட் (உள்ளே, கோல் கம்பத்தை நோக்கி), கோர்னர் (வெளியே, மூலையை நோக்கி) இரண்டும் 12 யார் அளவில் பிரியும். நேரே ஓடும் கோ ரூட்டில் கரையிலிருந்து 5 யார் இடம் விட்டு ஓடுங்கள்; பந்து விழுவதற்கு அந்த இடம் வேண்டும்.

யார்க் கணக்கில் பிடிவாதமாக இருங்கள். நீங்கள் திரும்பும் முன்பே, பந்தை எறியும் குவாட்டர்பெக் எறிந்துவிடுவார். அத்தோடு மூன்றாம் டவுனில் (10 யார் போகக் கிடைக்கும் நான்கு முயற்சிகளில் மூன்றாவது) 10 யார் தேவைப்படும்போது 9 இல் வெட்டினால் அடுத்தது பன்ட்தான். அளக்கும் நாடா ஒன்று, எட்டு கோன், வேறொன்றும் வேண்டாம். வெட்டுவதற்கு முன் தோள் நிமிர்கிறதா, அடிகள் சீக்கிரமே குறுகுகின்றனவா என்று பக்கத்திலிருந்து போனில் எடுத்துப் பாருங்கள். எதிரி இவற்றைத்தான் படிப்பான். வெள்ளவத்தை, தெஹிவளைக் கடற்கரை மணலில் முடுக்கம் பழகலாம், ரூட் பழகக் கூடாது. மணலில் ஊன்றிய கால் வழுக்கும், உடல் மெதுவாக வெட்டக் கற்றுக்கொள்ளும்.

நேரம் எடுப்பது

40 யார் என்பது 36.58 மீற்றர். சுகததாச அரங்கின் ட்ரெக் போன்ற சமதளத்தில் அளந்து ஓடுங்கள், புல்லில் எடுத்த நேரத்தை யாருக்கும் அனுப்ப வேண்டாம். கையால் அமத்தும் ஸ்டொப்வொட்ச் ஏறக்குறைய 0.2 செக்கன் குறைத்துக் காட்டும். போனில் ஸ்லோ மோஷன் எடுத்து, கை நிலத்தை விட்ட பிரேமிலிருந்து மார்பு கோட்டைத் தாண்டும் பிரேம்வரை எண்ணிப் பிரித்தால் உண்மை தெரியும். முதல் 10 யாரையும் தனியே எழுதுங்கள். 4.5க்குள் வந்தால் யாரும் திரும்பிப் பார்ப்பார்கள். வராவிட்டால், 5 யார் இடைவெளியில் மூன்று கோனை எல் வடிவில் வைத்து ஓடும் ஓட்டத்தில் 7 செக்கனுக்குக் கீழே வாருங்கள்; ஸ்லொட் ஆட்களை (உள்பக்கம் நின்று தொடங்கும் ரிசீவர்களை) அளப்பது அதில்.

காலை 6 மணிக்குத் தொடங்கி ஏழரைக்குள் முடியுங்கள். ஒக்டோபர், நவம்பரில் பின்னேர இடிமழை நிச்சயம். வியர்வை அதிகம் போன நாளில் வெறும் தண்ணீரை மட்டும் குடித்துக்கொண்டிருந்தால் தசை பிடிக்கலாம். ஜீவனி ஒரு பக்கெட்டை அளந்த ஒரு லீற்றர் தண்ணீரில் கரையுங்கள். ருசிக்காகத் தண்ணீரைக் கூட்டிக் குறைக்க வேண்டாம்.

பிளேபுக், முகவர், வெட்டு

கேம்பில் மூன்றாம் வரிசை ரிசீவருக்கு ஒரு நாளில் கிடைக்கும் ஓட்டம் சொற்பம். அது எக்ஸ், இசட் (இரண்டு கரை ரிசீவர்கள்), ஸ்லொட் எந்த இடத்திலும் வரலாம். தன் இடத்தை மட்டும் பாடமாக்கியவன், கூப்பிட்டபோது முழிப்பான். ஒவ்வொரு பிளேயையும் (வகுத்த ஆட்டத் திட்டம்) வெறும் தாளில் பதினொரு பேரோடும் கீறி, யார் எதற்காக ஓடுகிறார் என்று எழுதிப் பழகுங்கள். கொழும்பில் இருந்தே இதைத் தொடங்கலாம்: ஞாயிறின் முதல் ஆட்டங்கள் இங்கே இரவு பத்தரைக்கு, நவம்பர் தொடக்கத்திலிருந்து பதினொன்றரைக்கு. டி.வி. பந்தைத்தான் காட்டும், இருபத்திரண்டு பேரும் தெரியும் ஓல்-22 காட்சியில் ஒரே ரிசீவரை மட்டும் பாருங்கள், முக்கியமாகப் பந்து அவருக்கு வராத பிளேகளில்.

முகவர் என்.எஃப்.எல். வீரர் சங்கத்தின் சான்று பெற்றவராக இருக்க வேண்டும். ஒப்பந்தத்தில் அவர் எடுக்கக்கூடியது அதிகபட்சம் 3 வீதம், அதுவும் உங்களுக்குப் பணம் வந்த பின். கேம்புக்கு அனுப்புகிறேன் என்று முற்பணம் கேட்பவரோடு பேச்சை அதோடு நிறுத்துங்கள். ட்ராப்ட் முடிந்து இரண்டு மூன்று அணிகள் ஒன்றாகக் கேட்டால், சைனிங் போனஸின் சில ஆயிரம் டொலர் வித்தியாசத்தைப் பார்க்காதீர்கள். அந்த வருடம் எத்தனை ரிசீவரை ட்ராப்ட் செய்தார்கள், கடந்த வருடங்களில் ட்ராப்ட் ஆகாத எத்தனை பேரை 53க்குள் வைத்திருந்தார்கள் என்று பாருங்கள். ஒப்பந்தம் மூன்று வருடத்துக்கு. உத்தரவாதம் அநேகமாக அந்த போனஸ் அளவுதான்.

90 பேரை 53 ஆக்கும் வெட்டு வருவது ஒரு செவ்வாய்க்கிழமை, அமெரிக்கக் கிழக்கு நேரம் பின்னேரம் 4 மணிக்கு. இங்கே புதன் அதிகாலை ஒன்றரை. விடப்பட்ட புதியவர் முதலில் வேவர்ஸுக்குப் போவார், மற்ற அணிகள் கேட்கலாம். யாரும் கேட்காவிட்டால் அடுத்த நாள் 16 பேர் கொண்ட பயிற்சிக் குழுவுக்கு அழைப்பு வரலாம். 2025 இல் அதன் குறைந்த வாரச் சம்பளம் 13,000 டொலர். அங்கிருந்து ஒருவரை ஒரு சீசனில் அதிகபட்சம் மூன்று ஆட்டத்துக்கு ஆட்ட அணிக்குள் எடுக்கலாம், நான்காவதற்கு 53க்குள் சேர்க்க வேண்டும். அழைப்பே வராதவர் வீட்டில் உட்காரக் கூடாது. சீசன் நடக்கும்போது அணிகள் அநேகமாகச் செவ்வாய்க்கிழமைகளில் வெளியாட்களைக் கூப்பிட்டு ஓடவிட்டுப் பார்க்கும், முதல் நாள் இரவுதான் போன் வரும். நீளப் பல்லும் குட்டைப் பல்லுமாக இரண்டு சோடி பூட்ஸ், காய்ந்த கையுறை, கடவுச்சீட்டு, விசாப் பத்திரங்கள் எல்லாம் ஒரே பையில் கட்டித் தயாராக இருக்கட்டும்.