கதை உலகத்துக்கு ஒரு மாறிலி செய்வது எப்படி

பாளையங்கோட்டையில் பிள்ளைகளுக்கு இயற்பியல் டியூஷன் எடுக்கிறேன். ராத்திரி அறிவியல் கதை எழுதுவேன். மாறிலி, அதாவது அந்த உலகில் எங்கும் மாறாத ஒரு இயற்கை எண், செய்ய உட்கார்ந்தால் முதலில் எண்ணைத் தேடாதீர்கள், எது எதோடு கட்டுப்பட்டிருக்கிறது என்று முடிவு செய்யுங்கள்.

நம் உலகில் 100 மீட்டர் கீழே விழும் நீர், அந்த ஆற்றல் முழுக்க வெப்பமானால், சுமார் 0.23 டிகிரி சூடாகும். பாபநாசத்தில் அகத்தியர் அருவிக்கு அடியில் நின்றபோது, சூட்டுக்குப் பதில் வெளிச்சம் வந்தால் என்ன என்று தோன்றியது. என் கதை உலகின் மாறிலி அதுதான்: விழுந்த ஒவ்வொரு மீட்டருக்கும் நீர் 0.5 நொடி ஒளிரும். அலகு நொடி/மீட்டர். அலகில்லாமல் விட்டால் பிறகு கணக்கு உதைக்கும்.

அப்புறம் அந்த எண்ணை அன்றாட வாழ்க்கையில் ஓடவிட்டுப் பாருங்கள். இதில்தான் நிறைய நேரம் செலவிட வேண்டும். டீ மாஸ்டர் ஒரு மீட்டர் தூக்கி ஆற்றினால் கிளாஸில் அரை நொடி மின்னும். அழகு! 60 மீட்டர் அருவி விழுந்த பின் 30 நொடி ஒளிரும், ஆறே விளக்காக ஓடும். சரி, மழை? 1000 மீட்டரிலிருந்து விழும் துளி 500 நொடி, எட்டு நிமிஷத்துக்கு மேல். ஐப்பசி அடைமழையில் ராத்திரியே கிடையாது. என் கதையில் திருட்டு நடப்பதோ மழை இருட்டில்!

எண்ணை நான் தொடவில்லை. திருட்டைச் சித்திரை அமாவாசைக்குத் தள்ளினேன்.

கடைசியாக, அதை அளந்தவர் யார் என்று எழுதுங்கள். என் கதையில் கிணற்றில் செம்பு செம்பாக நீர் ஊற்றி, முழக்கயிற்றால் ஆழம் பார்த்து, கண் இமைப்பை எண்ணிய ஒரு ஆச்சி.