நோர்வேக்குப் புதிதாக வந்த தமிழருக்கு: ஃப்ரி சங்கமும் உங்கள் உரிமைகளும்

ஆளடையாள எண் எடுப்பது, வங்கிக் கணக்குத் திறப்பது, நோர்வீஜிய வகுப்பில் சேர்வது எல்லாவற்றையும் இங்கே முன்பே வந்த குடும்பங்கள் சொல்லித் தந்துவிடும். ஆனால் நீங்கள் தன்பாலீர்ப்பு உள்ளவராகவோ திருநங்கையாகவோ திருநம்பியாகவோ இருந்தால், யாரிடம் உதவி கேட்பது என்று அவர்களிடமே விசாரிப்பது கஷ்டம். நாட்டின் மொத்த மக்கள்தொகையே சுமார் 55 லட்சம்தான். அதற்குள் தமிழர் வட்டம் இன்னும் சிறியது. ஒஸ்லோவில் ஒரு வீட்டில் பேசியது வடக்கே மீன் தொழிற்சாலை ஊரில் இருக்கும் சித்தப்பா காதுக்குப் போய்விடும். அந்தப் பயம் நியாயமானது. அதை மனதில் வைத்தே இதை எழுதுகிறேன்.

முதலில் தெரிந்துகொள்ள வேண்டிய பெயர் ஃப்ரி. பால்புதுமையினரின், அதாவது தன்பாலீர்ப்பு உள்ளவர்கள், திருநங்கையர், திருநம்பியர் போன்றோரின் உரிமைக்காக நாடு முழுவதும் இயங்கும் சங்கம் இது. 1950-ல் டென்மார்க் சங்கம் ஒன்றின் கிளையாகத் தொடங்கியது. அப்போது ஆண்களுக்கிடையிலான உறவு தண்டனைச் சட்டத்தின் 213-ஆம் பிரிவின்படி குற்றம். உறுப்பினர்கள் புனைபெயரில்தான் சங்கத்துக்கு வந்துபோனார்கள். 1965-ல் கிம் ஃப்ரீலே என்ற பெண், தான் தன்பாலீர்ப்பு உள்ளவர் என்று வெளிப்படையாகப் பேசினார். பிறகு பல ஆண்டுகள் சங்கத்தை நடத்திச் சென்றவரும் அவர்தான். 1972-ல் அந்தப் பிரிவு நீக்கப்பட்டது. 1981-ல் பாகுபாட்டுக்கு எதிரான பாதுகாப்பும், 1993-ல் ஒரேபாலின ஜோடிகள் தங்கள் உறவைப் பதிவுசெய்துகொள்ளும் உரிமையும், 2009-ல் திருமண உரிமையும் வந்தன. 2022-ல் பிரதமர் ஸ்தோரே, அரசு சார்பில் மன்னிப்புக் கேட்டார். இன்று இயல்பாகத் தெரியும் எதுவும் இந்த நாட்டில் தானாக வந்துவிடவில்லை. பெயரை மறைத்து வாழ்ந்தவர்கள் போராடிப் பெற்றது. நம்மில் பலர் இப்போது இருக்கும் நிலையில்தான் அவர்களும் அன்று இருந்தார்கள்.

ஃப்ரியில் சேரக் குடியுரிமை தேவையில்லை. பல மாகாணங்களில் கிளைகள் உண்டு. வைத்தியர்கள், ஆசிரியர்கள், பொலிஸார் ஆகியோருக்கு இந்த விஷயத்தில் பயிற்சி கொடுப்பதும் இந்தச் சங்கம்தான். வெளிநாட்டுப் பின்னணி உள்ளவர்களுக்கென்றே ஷெய்வ் வெர்டன் என்று தனி அமைப்பு இருக்கிறது. குடும்ப மானம், சொந்த ஊர், மதம் எல்லாம் சேர்ந்து அழுத்தும்போது என்ன ஆகும் என்பதை அங்கே முதலிலிருந்து விளக்க வேண்டியதில்லை. அதனால் நம்மவர்கள் தொடங்க அதுவே நல்ல இடம் என்பது என் கருத்து. முப்பது வயதுக்குள் இருப்பவர்களுக்கு ஃப்ரியின் இளைஞர் அமைப்பான ஷெய்வ் உங்டோம் உண்டு.

இப்போது மொழிபெயர்ப்பாளர் விஷயம். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பலர் வைத்தியரிடமே வாய் திறக்காமல் இருப்பதற்குக் காரணம், பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் தமிழர்தான். அவர் யாருடைய மாமாவோ! சட்டப்படி மொழிபெயர்ப்பாளர் கேட்டதை வெளியே சொல்லக் கூடாது. வைத்தியருக்கும் அப்படியே. அது மட்டும் உங்களுக்குத் தெம்பு தராவிட்டால், நேரில் ஆள் வேண்டாம், தொலைபேசி வழியாக மொழிபெயர்ப்பாளர் வேண்டும், வேறு நகரத்தில் இருப்பவர் நல்லது என்று நேரம் எடுக்கும்போதே சொல்லுங்கள். உங்கள் பெயரை அவரிடம் சொல்ல வேண்டாம் என்றும் கேட்கலாம். கணவரையோ பிள்ளையையோ மொழிபெயர்க்கக் கூட்டிப் போகாதீர்கள். பிள்ளைகளை அந்த வேலைக்குப் பயன்படுத்துவதை மொழிபெயர்ப்பாளர் சட்டமும் அனுமதிப்பதில்லை.

அகதி விண்ணப்பம் போடுகிறவர்களுக்கு இது இன்னும் முக்கியம். இலங்கையில் தன்பாலுறவைக் குற்றமாக்கும் தண்டனைச் சட்டத்தின் 365, 365ஏ பிரிவுகள் நீக்கப்படவில்லை. இந்தியாவில் அது குற்றமல்ல என்று 2018-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தபின் நிலைமை வேறு. ஊருக்குப் போய் மறைத்து வாழுங்கள் என்று திருப்பி அனுப்புவதை நோர்வே உச்ச நீதிமன்றம் 2012-ல் ஏற்க மறுத்தது. ஆனால் உங்கள் காரணத்தை முதல் நேர்காணலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பிறகு சொன்னால், ஏன் அன்றைக்கே சொல்லவில்லை என்ற கேள்வி வரும். மொழிபெயர்ப்பாளர் மீது நம்பிக்கை இல்லையென்றால் அதையும் அங்கேயே சொல்லுங்கள், மாற்றித் தரக் கேளுங்கள்.

வீட்டார் விருப்பத்துக்காகக் கல்யாணம் கட்டி, கணவருடைய அல்லது மனைவியுடைய வதிவிட அனுமதியில் இங்கே வந்தவர்களும் இருக்கிறார்கள். பிரிந்தால் நாடு கடத்திவிடுவார்கள் என்று பயந்தே பலர் வருடக்கணக்கில் சகித்துக்கொள்கிறார்கள். துன்புறுத்தப்பட்டவருக்கும், பிரிவினால் சொந்த நாட்டில் கடும் சிரமத்துக்கு ஆளாகக்கூடியவருக்கும் சொந்தமாக அனுமதி பெற வழி உண்டு. எதிலும் கையெழுத்துப் போடுவதற்கு முன், சட்ட மாணவர்கள் ஒஸ்லோவில் இலவசமாக நடத்தும் யூஸ்புஸ்ஸிடம் கேளுங்கள். பெண்களுக்கு யூர்க் என்ற அமைப்பும் இருக்கிறது. துணையை இங்கே கூப்பிட விரும்பும் ஒரேபாலின ஜோடிகளுக்கு மற்றவர்களுக்கு உள்ள அதே விதிகள்தான்.

சட்டப்பூர்வப் பாலினத்தை மாற்றுவது எளிது. 2016 முதல், இங்கே வசிப்பவராகப் பதிவான 16 வயது நிரம்பிய எவரும் வரி அலுவலகத்துக்குத் தாமே அறிவித்து மாற்றிக்கொள்ளலாம். மருத்துவச் சிகிச்சை என்பது வேறு. குடும்ப வைத்தியரின் பரிந்துரையோடு தொடங்கி நீண்ட நாள் காத்திருக்க வேண்டிவரும்.

எல்லாம் பாதுகாப்பு என்று சொல்லிவிடவும் முடியாது. 2022 ஜூன் 25 அதிகாலையில், ஒஸ்லோவில் பால்புதுமையினரின் பெருமிதப் பேரணி நடக்கவிருந்த நாளில், அங்குள்ள லண்டன் பப் என்ற மதுக்கூடத்தின் அருகே ஒருவர் சுட்டதில் இரண்டு பேர் இறந்தார்கள். தாக்கினாலோ மிரட்டினாலோ 112-ஐ அழையுங்கள், இன்ன காரணத்துக்காகத் தாக்கினார்கள் என்பதையும் புகாரில் எழுதச் சொல்லுங்கள். வேலையிலோ வீடு வாடகையிலோ ஒதுக்கினால் சமத்துவ, பாகுபாட்டு ஒம்புட் (முறைகேட்பு அதிகாரி) அலுவலகம் இலவசமாக வழிகாட்டும்.

பிள்ளைகளை விடுமுறைக்கு ஊருக்குக் கூட்டிப்போய்க் கட்டாயக் கல்யாணம் செய்துவைப்பது இங்கே தண்டனைக்குரிய குற்றம். அந்த நோக்கத்தோடு கூட்டிப்போவதே குற்றம்தான். சிகிச்சை, பிரார்த்தனை என்ற பெயரில் ஒருவரை "மாற்ற" முயல்வதும் 2024 ஜனவரி 1 முதல் தடை. பயந்திருக்கும் பிள்ளைக்கு, இப்படிப்பட்ட குடும்ப அழுத்தத்தில் உதவும் சிறுபான்மை ஆலோசகர் பல பள்ளிகளில் இருப்பார். 116 111 என்ற எண்ணில் சிறுவர் உதவி எந்நேரமும் கிடைக்கும்.

பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. பிள்ளை வந்து சொன்ன அன்றைக்குக் கையும் காலும் ஓடாது, சரி. சொந்தக்காரர்களைக் கூட்டிப் பஞ்சாயத்து வைக்காதீர்கள், அது பிள்ளையை வீட்டைவிட்டே துரத்தும். அதற்குப் பதிலாக உங்கள் பகுதியின் குடும்ப ஆலோசனை அலுவலகத்துக்குப் போங்கள். கட்டணம் கிடையாது, வைத்தியர் கடிதம் தேவையில்லை, மொழிபெயர்ப்பாளரும் கேட்கலாம். முதல் முறை பிள்ளை இல்லாமல் நீங்கள் மட்டும் போனாலும் பரவாயில்லை.