மிலிட்டரில கிரிக்கெட் ஆடுன பாட்டாவோட கதைய தேடி எடுக்குறது எப்படி

நம்ம குமரி பக்கம் ‘எங்க பாட்டா மிலிட்டரி ஆபீசர், இந்தியாவுக்கே கிரிக்கெட் ஆடுனவரு’ன்னு சொல்ற வீடு தெருவுக்கு ஒண்ணாவது இருக்கும், எங்க வீடும் அதுல ஒண்ணு. போன வருசம் அவரு ட்ரங்க் பொட்டிய தொறந்து கதைய ஒழுங்கா எழுதி வைக்கலாம்னு உக்காந்தேன். எங்கெல்லாம் முட்டுனேன், எது வேலைக்கு ஆச்சுன்னு சொல்றேன், நீங்க அந்த முட்டு வாங்க வேண்டாம்.

மொதல்ல பேர வச்சு தேடாதீங்க, நம்பர தேடுங்க. மெடல் இருந்தா அதோட ஓரத்த லென்ஸ் வச்சு பாருங்க, சுத்தி பொடிசா நம்பரு, ரேங்க், பேரு வெட்டியிருக்கும். பளபளப்பா ஆக்குறேன்னு பிராசோ போட்டு தேச்சிராதீங்க, எழுத்து தேஞ்சு போயிரும். நம்பர் ஐசின்னு ஆரம்பிச்சா நிரந்தர கமிஷன் ஆபீசர், எஸ்எஸ்னா ஷார்ட் சர்வீஸ், அதாவது கொஞ்ச வருசத்துக்கு மட்டும் எடுத்தது, இசின்னா 1962 சீனா சண்டைய ஒட்டி அவசரமா எடுத்த எமர்ஜென்சி கமிஷன். ஜேசின்னு இருந்தா அவரு ஜேசிஓ (ஜூனியர் கமிஷண்ட் ஆபீசர், ஜவானுக்கு மேல, ஆபீசருக்கு கீழ), அதாவது சுபேதார், நாயப் சுபேதார் அந்த வகை. ஊர்ல எல்லாரையும் ஆபீசர்னு தான் சொல்லுவாவ, வருத்தப்பட ஒண்ணும் இல்ல, ஆனா இது தெரியாம தேடுனா தப்பான கதவ தட்டிக்கிட்டே நிப்பீங்க, ஏன்னா ஜேசிஓ, ஜவான் ரெக்கார்டு அந்தந்த ரெஜிமென்ட் ரெக்கார்டு ஆபீஸ்ல இருக்கும் (மெட்ராஸ் ரெஜிமென்ட்னா ஊட்டி பக்கம் வெலிங்டன்), ஆபீசரோடது டெல்லி தலைமையகத்துல.

பேர ஏன் நம்பக்கூடாதுன்னா, நம்ம இனிஷியல் பட்டாளத்துல செல்லாது, விரிச்சு எழுத சொல்லுவாங்க, அப்பா பேர் சர்நேம் மாதிரி ஆயிரும். எங்க பாட்டாவ கூட இருந்தவங்க எல்லாம் அவரு அப்பா பேர சொல்லித்தான் கூப்பிட்டிருக்காவ, பழைய பேப்பர் கட்டிங்லயும் அந்த பேருதான். நான் ஒரு மாசம் வேற யாரோன்னு தள்ளி வச்சிருந்தேன், கொடும.

அடுத்தது பென்சன் பேப்பர். பாட்டி பேமிலி பென்சன் வாங்குறாங்கன்னா பிபிஓ (பென்சன் குடுக்க போட்ட ஆர்டர்) காப்பி வீட்டுலயே இருக்கும், ரேங்க், சேந்த தேதி, ரிட்டயர் ஆன தேதி கெடைச்சிரும். எங்க எங்க போஸ்டிங்னு தெரிய ஒரு குறுக்கு வழி சொல்றேன், பாட்டிகிட்ட ‘பாட்டா வாழ்க்கைய சொல்லுங்க’ன்னு கேட்டா ரெண்டு வரிதான் வரும், ‘பெரிய மாமா எங்க பொறந்தாவ, சித்தி எங்க ஒண்ணாங்கிளாஸ் சேந்தாவ’ன்னு கேளுங்க, செகந்திராபாத், ஜபல்பூர், அம்பாலான்னு வருசத்தோட கொட்டும். புள்ளைங்க பொறப்பு சர்டிபிகேட்டும் ஸ்கூல் டிசியும் தான் எனக்கு பாதி வரலாறு குடுத்துச்சு. ஆபீசர்னா மத்திய அரசு கெசட் பாகம் 1, பிரிவு 4லயும் பாருங்க, பாதுகாப்பு அமைச்சகம் நியமனம், பிரமோஷன் எல்லாம் அதுல போடும். 1947க்கு முன்னாடி கமிஷன்னா லண்டன் கெசட்லயும் பாருங்க, நெட்லயே ப்ரீயா தேடலாம்.

இனி கிரிக்கெட். நிறைய பேரு விழுற குழி இதுதான், மெட்ராஸ் டீம் லிஸ்ட்ல போய் தேடுறது. லே மக்கா, 1956 நவம்பர் 1 வரைக்கும் நம்ம மாவட்டம் தமிழ்நாடே கெடையாது, திருவிதாங்கூர்-கொச்சி. ரஞ்சில அந்த பேர்லயே ஒரு டீம் ஆடுச்சு, அதுதான் பின்னாடி கேரளா டீம். அதனால அம்பதுகள்ல ஆடுன நாகர்கோவில்காரர் அங்க கெடைக்கலாம். பட்டாளமும் அப்படித்தான், திருவிதாங்கூர் ராஜா படையில இருந்தவருன்னா அந்த படைதான் பிற்பாடு மெட்ராஸ் ரெஜிமென்ட்ல 9, 16-ஆவது பட்டாலியன் ஆச்சு, அதுக்கு முந்தின பேப்பருக்கு திருவனந்தபுரம் ஆவணக்காப்பகம்தான் போகணும், பஸ் ஏறுனா ரெண்டு மணி நேரம்.

மூணாவது டீம் சர்வீசஸ். ஆர்மி, நேவி, ஏர்போர்ஸ் மூணும் சேந்தது, 1949-50ல இருந்து ரஞ்சி ஆடுது, 1956-57, 1957-58 ரெண்டு வருசமும் பைனல் வரைக்கும் போய் பம்பாய்கிட்டயும் பரோடாகிட்டயும் தோத்துச்சு. லெப்டினன்ட் கர்னல் ஹேமு அதிகாரி அந்த டீம்ல இருந்தவருதான், இந்தியாவுக்கு 21 டெஸ்ட், 1959ல டெல்லில வெஸ்ட் இண்டீசுக்கு எதிரா ஒரு டெஸ்ட்ல கேப்டன், 63ம் 40ம் அடிச்சாரு. கிரிக்இன்ஃபோ வெப்சைட்ல இவரு பக்கத்த ஒரு தடவ படிச்சுக்கிடுங்க, ஆபீசரா இருந்துக்கிட்டு ஆடுனவர் ரெக்கார்டு எப்படி இருக்கும்னு பிடி கெடைக்கும், 1947ல இருந்து 1959 வரைக்கும் 12 வருசத்துல மொத்தமே 21 தான் பாருங்க. உங்க ஆள் ஸ்கோர்லயும் ரெண்டு சீசன் காணலன்னா பார்ம் போச்சுன்னு எழுதிராதீங்க, மொதல்ல போஸ்டிங் தேதிய எடுத்து பக்கத்துல வைங்க. 1962, 65, 71 மாதிரி சண்ட நடந்த வருசமா இருந்தா சொல்லவே வேண்டாம்.

கிரிக்இன்ஃபோ, கிரிக்கெட் ஆர்க்கைவ் ரெண்டு வெப்சைட்லயும் பேரு இல்லன்னா ரஞ்சி ஆடலன்னு அர்த்தம், கிரிக்கெட்டே ஆடலன்னு அர்த்தம் இல்ல. பட்டாலியன் மேட்ச், கமாண்டுக்குள்ள (பட்டாளத்த ஏரியா வாரியா பிரிச்ச பெரிய பிரிவு) நடக்குற மேட்ச் எல்லாம் அங்க ஏறாது, ரெஜிமென்ட் பத்திரிகை, கப்புக்கு அடியில இருக்குற எழுத்து, குரூப் போட்டோ, இவ்வளவுதான் சாட்சி. எங்க பாட்டா கடைசில அந்த வகைதான். இந்தியாவுக்கும் ஆடல, ரஞ்சியும் ஆடல, கமாண்ட் டீம்ல விக்கெட் கீப்பர். வீட்டுல சொன்னப்போ மாமா ரெண்டு நாள் எங்கூட பேசல.

போட்டோவ லேமினேட் பண்ணாதீங்க, முன்னும் பின்னும் ஸ்கேன் எடுத்துக்கிட்டு பிரிண்ட் போட்டு மிலிட்டரி கேண்டீன் க்யூல நிக்குற வயசானவங்ககிட்ட காட்டுங்க. ‘இது யாரு’ன்னு கேக்காதீங்க, ‘இது எந்த கிரவுண்ட்’னு கேளுங்க, கிரவுண்ட் ஞாபகம் வந்துட்டா ஆளுங்க பேரு தானா வரும், சொல்லச்சொல்ல பென்சில்ல பின்னாடி எழுதிக்கிடணும்.