கத்தோலிக்க வரலாற்று ஆய்விதழ்கள்: அடிக்குறிப்பில் சறுக்கும் இடங்கள்

பங்கு வரலாறு எழுதுகிற ஓய்வுபெற்ற ஆசிரியர், குருமட மாணவர், முனைவர் பட்டத்துக்காகத் தத்துவ போதகரையோ (ராபர்ட் தெ நோபிலி) வீரமாமுனிவரையோ படிக்கிறவர் என்று பலரும் இப்போது கத்தோலிக்க வரலாற்றுக்கென நடக்கும் வெளிநாட்டு ஆய்விதழ்களைத் தேடிப் படிக்கிறார்கள். நல்லதுதான். ஆனால் அவர்கள் எழுதியதன் அடிக்குறிப்புகளைப் பார்த்தால் ஒரே மாதிரியான சறுக்கல்கள் திரும்பத் திரும்ப வருகின்றன. இதழின் பெயரில் 'கத்தோலிக்க' என்று இருப்பதைப் பார்த்ததும், அதை யார் நடத்துகிறார்கள், எந்தக் காலத்தில் எதற்காகத் தொடங்கினார்கள் என்று விசாரிக்காமலே மேற்கோள் எடுத்துவிடுகிறோம். மற்ற தவறுகளில் பாதி அதிலிருந்து கிளைப்பவை.

முதலில், இவற்றைப் பக்தி இதழாக நினைப்பது. பொலாண்டியர்களின் கதை தெரிந்தவர்களுக்கு இந்த எண்ணமே வராது. புனிதர்களின் வரலாறுகளை மூலச் சுவடிகளோடு ஒப்பிட்டுப் பதிப்பிப்பதற்காகவே பெல்ஜியப் பகுதியில் உருவான சேசு சபைக் குழு அது. முதல் தொகுதிகள் 1643-இல் ஆண்ட்வெர்ப்பில் வெளிவந்தன. அந்தக் குழுவில் டேனியல் பாபெப்ரோக் என்றொருவர் இருந்தார். கார்மேல் சபையை நிறுவியவர் இறைவாக்கினர் எலியாவேதான் என்று அந்தச் சபையார் நம்பி வந்தார்கள். அதற்குச் சான்று கிடையாது என்று பாபெப்ரோக் எழுதினார். விட்டார்களா? புகார்மேல் புகார் போய், 1695-இல் ஸ்பெயினின் சமய விசாரணை மன்றம் அதுவரை வந்திருந்த தொகுதிகளுக்கே கண்டனத் தீர்ப்பு எழுதியது. அந்தத் தீர்ப்பு 1715-இல் திரும்பப் பெறப்பட்டபோது பாபெப்ரோக் உயிரோடு இல்லை. முந்தைய ஆண்டே இறந்துவிட்டார். இதே குழு 1882-இல் தொடங்கிய 'அனலெக்டா பொலாண்டியானா' இன்றும் பிரஸ்ஸல்ஸிலிருந்து வருகிறது. ஊர்ப் புனிதரின் அற்புதங்களுக்கு ஆதாரம் தேடி அதைத் திறப்பவர் ஏமாந்துதான் போவார்.

இதற்கு நேர்மாறான தவறு பல்கலைக்கழகப் பக்கத்தில் நடக்கிறது. 'சபைக்காரர்கள் நடத்தும் இதழ், சார்பாகத்தான் இருக்கும்' என்று ஒதுக்கிவிடுவார்கள். படித்துப் பார்த்துவிட்டு ஒதுக்கினால் சரி. அட்டையைப் பார்த்தே ஒதுக்குவதற்கு ஆய்வு என்று பெயர் வைக்க முடியாது.

அடுத்து, பெயர்க் குழப்பம். அமெரிக்காவில் 1884-இல் ஒரே ஆண்டில் இரண்டு சங்கங்கள் தோன்றின. ஒன்று பிலடெல்பியாவில், மற்றது ஜான் கில்மரி ஷேயின் முயற்சியில் நியூயார்க்கில். பீட்டர் கில்டே முன்நின்று அமெரிக்கக் கத்தோலிக்க வரலாற்றுக் கழகத்தை அமைத்தது 1919-இல். மூன்றும் வேறு வேறு அமைப்புகள். தமிழில் எழுதும்போது மூன்றையும் 'அமெரிக்கக் கத்தோலிக்க வரலாற்றுச் சங்கம்' என்று ஒரே பெயரில் போட்டுவிட்டால், பின்னால் வருகிறவர் எதைத் தேடுவார்? இன்னொன்று: அந்தக் கழகத்தின் அதிகாரபூர்வ இதழான 'கத்தோலிக் ஹிஸ்டாரிகல் ரிவ்யூ' கழகத்தைவிட மூத்தது. 1915-இல் வாஷிங்டனில் உள்ள கத்தோலிக்கப் பல்கலைக்கழகத்தில் தொடங்கியது. ஆரம்பத்தில் அமெரிக்கத் திருச்சபை வரலாறு மட்டும்தான் அதன் எல்லை. 1921-இல்தான் உலகத் திருச்சபை வரலாறு முழுவதற்கும் விரிந்தது. முதல் சில ஆண்டுகளின் இதழ்களில் ஐரோப்பிய இடைக்காலத்தைத் தேடிவிட்டு, 'ஒன்றுமே இல்லையே' என்று குறைபட்டுக்கொள்வதில் அர்த்தமில்லை.

இங்கிலாந்தில் இதே குழப்பம் வேறு உருவில் வரும். 1904-இல் தொடங்கிய கத்தோலிக் ரெக்கார்ட் சொசைட்டியோடு சேர்ந்த ஆய்விதழ் ஒன்று உண்டு. 1951-இல் வாழ்க்கை வரலாற்று ஆய்வுகள் என்ற பொருள்படும் பெயரோடு பிறந்து, பிறகு 'ரெக்யூசன்ட் ஹிஸ்டரி' ஆகி, 2015 முதல் 'பிரிட்டிஷ் கத்தோலிக் ஹிஸ்டரி' என்று வருகிறது. ஒரே இதழ், மூன்று பெயர். கட்டுரை எந்த ஆண்டில் வந்ததோ அந்த ஆண்டின் பெயரைத்தான் போட வேண்டும். 1978-இல் வந்த கட்டுரைக்குப் புதுப் பெயரைப் போட்டால் நூலகர் கையை விரித்துவிடுவார்.

நம் நாட்டுக்கு வந்தால், 1935-இல் தொடங்கிய இந்தியத் திருச்சபை வரலாற்றுக் கழகத்தைப் பலர் கத்தோலிக்க அமைப்பு என்றே எழுதிவிடுகிறார்கள். அது எல்லாச் சபையாருக்கும் பொதுவானது. அது வெளியிடும் இந்தியக் கிறிஸ்தவ வரலாற்றுத் தொகுதிகளில் கத்தோலிக்கரும் எழுதியிருக்கிறார்கள், சீர்திருத்தச் சபையாரும் எழுதியிருக்கிறார்கள்.

பழைய இதழ்களை எப்படிப் பயன்படுத்துவது என்பதிலும் கவனம் வேண்டும். பிலடெல்பியா சங்கத்தின் தொடக்ககால இதழ்களில் ஞானஸ்நானப் பதிவேடுகளையே வரிக்கு வரி அச்சிட்டார்கள். அந்தப் பக்கங்களின் மதிப்பு இன்றைக்கும் குறையவில்லை. ஆனால் அதே காலத்து இதழ்களில் வரும் கருத்துக்கட்டுரைகள் அப்படியல்ல. 'எங்கள் ஆட்களும் இந்த நாட்டைக் கட்டினார்கள்' என்று நிலைநாட்டும் வேகம் அவற்றில் நிறைய உண்டு. ஒரே தொகுதியிலிருந்து ஆவணத்தையும் அபிப்பிராயத்தையும் ஒரே தராசில் வைத்து எடுக்கக் கூடாது. நம்மிடமும் இது உண்டு. வீரமாமுனிவர் 1742-இல் மணப்பாட்டில் இறந்தார் என்ற பழைய செய்தி இன்னும் அங்கங்கே அச்சாகிக்கொண்டிருக்கிறது. சேசு சபையின் சொந்தப் பதிவுகளைப் பார்த்தவர்கள் 1747, அம்பழக்காடு என்று எப்போதோ திருத்திவிட்டார்கள்.

கடிதங்கள் விஷயத்தில் சறுக்கல் இன்னும் ஆழமானது. 1702 முதல் பாரிஸில் தொகுதி தொகுதியாக வந்த சேசு சபைக் கடிதங்கள் மதுரை மிஷன் பற்றி எழுதுகிற எல்லோருக்கும் பிடித்தமானவை. படிக்கச் சுவையானவை என்பதும் உண்மை. ஆனால் அவை ஐரோப்பிய வாசகரையும் நன்கொடையாளரையும் மனத்தில் வைத்து, பதிப்பாசிரியர்கள் வெட்டியும் மெருகேற்றியும் வெளியிட்டவை. அதில் இருப்பதை 'மறைபரப்பாளர் எழுதிய மூலம்' என்று சொன்னால் அது பாதி உண்மைதான். அதைவிட, சேசு சபை வரலாற்று நிறுவனம் வழியாக ஜோசப் விக்கி 1948-இல் தொடங்கிப் பதிப்பித்த 'டாக்குமெண்டா இண்டிகா'வின் 18 தொகுதிகளைப் பாருங்கள். அண்டிரிக் அடிகளார் (என்ரிக்கே என்ரிக்கஸ்) முத்துக்குளித்துறையிலிருந்து எழுதிய கடிதங்கள் அங்கே மூல மொழியிலேயே இருக்கின்றன. எந்தப் படி எங்கே இருக்கிறது, படிகளுக்குள் என்ன வேறுபாடு என்று ஒவ்வொரு கடிதத்துக்கும் குறிப்பு உண்டு. என்ன, 16-ஆம் நூற்றாண்டோடு நின்றுவிடும். அதற்குப் பிறகு ரோமாபுரிக்கோ சேசு சபையின் செண்பகனூர் காப்பகத்துக்கோ போக வேண்டியதுதான்.

ரோமாபுரி என்றதும், 'வத்திக்கான் காப்பகம்' என்று பொத்தாம்பொதுவாக எழுதுவது நினைவுக்கு வருகிறது. 1881-இல் திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் (லியோ) ஆய்வாளர்களுக்குத் திறந்துவிட்ட அந்தக் காப்பகம் வேறு. 1622-இல் அமைந்த மறைபரப்புப் பேராயத்தின் காப்பகம் வேறு. சேசு சபையின் ரோமாபுரிக் காப்பகம் வேறு. மூன்றும் தனித்தனி நிர்வாகம். பதுரவாதோ, அதாவது போர்த்துக்கல் அரசருக்குத் திருச்சபை மேல் இருந்த புரவலர் உரிமை, சம்பந்தமான தாள்களோ பெரும்பாலும் லிஸ்பனில் இருக்கும். இதில் ஒரு வேடிக்கை உண்டு. சேசு சபைக் காப்பகத்தில் மதுரை மிஷனின் பழைய ஆண்டறிக்கைகள் இருக்கும் வரிசைக்குப் பெயர் 'கோவா'. அடிக்குறிப்பில் 'கோவா 53' என்று பார்த்துவிட்டு பஞ்சிமுக்கு டிக்கெட் போடாதீர்கள். தாள் இருப்பது ரோமாபுரியில்.

தேதிக்கு வருவோம். பழைய லத்தீன், போர்த்துக்கீசியக் கடிதங்களில் '7பிரிஸ்' என்று எழுதியிருக்கும். ஏழு என்றதும் ஜூலை என்று படித்துவிடுகிறார்கள். அது செப்டம்பர். லத்தீனில் 'செப்டெம்' என்றால் ஏழு; அந்தப் பெயரின் முற்பகுதியைத்தான் எண்ணாகச் சுருக்கியிருக்கிறார்கள். அதேபோல 8 என்றால் அக்டோபர், 9 என்றால் நவம்பர், 10 என்றால் டிசம்பர். கடிதம் இரண்டு மாதம் முன்னே நகர்ந்துவிட்டால் கப்பல் புறப்பட்ட கணக்கு, பருவமழைக் கணக்கு எல்லாமே உதைக்கும். நாட்காட்டியும் ஒன்றல்ல. கத்தோலிக்க நாடுகள் பல 1582 அக்டோபரிலேயே புதிய கிரகோரியன் நாட்காட்டிக்கு மாறி, பத்து நாளைத் தாண்டிக் குதித்துவிட்டன. இங்கிலாந்து 1752 வரை பழைய கணக்கிலேயே இருந்தது, அங்கே ஆண்டுப் பிறப்பும் மார்ச் 25. கவிஞரும் மறைசாட்சியுமான ராபர்ட் சவுத்வெல் லண்டனில் கொல்லப்பட்டது 1595 பிப்ரவரி 21. அன்றைய ஆங்கிலப் பதிவில் அது 1594. அதே நாள் ரோமாபுரியில் 1595 மார்ச் 3. மூன்றுமே சரிதான். எந்தக் கணக்கு என்று சொல்லாமல் விடுவதுதான் பிழை.

கட்டுரை அனுப்புகிறவர்களுக்கு இரண்டு மூன்று விஷயம். ஆய்வேட்டின் ஒரு இயலை அப்படியே வெட்டி அனுப்பாதீர்கள், முன்னுரையிலேயே தெரிந்துவிடும். ஒரே கட்டுரையை ஒரே நேரத்தில் இரண்டு இதழ்களுக்கு அனுப்பக் கூடாது. கேட்காமல் நூல் மதிப்புரை எழுதி அனுப்புவதும் பெரும்பாலும் வீண், யார் எழுத வேண்டும் என்பதைப் பல இதழ்களில் ஆசிரியர் குழுதான் முடிவு செய்யும். அப்புறம், பெயர் மறைத்து மதிப்பிடும் இதழ் என்றால் தலைப்பின் கீழிருக்கும் பெயரை எடுத்தால் மட்டும் போதாது. 'எனது 2019 கட்டுரையில் நான் காட்டியபடி' என்று வருகிற அடிக்குறிப்பையும், நன்றி சொன்ன பத்தியையும், கோப்பின் விவரங்களில் ஒளிந்திருக்கும் பெயரையும் சேர்த்து எடுத்துவிட்டு அனுப்புங்கள்.